கர்த்தருடைய மேசையில் பசியோடு இருந்தவர்கள் யார்? கொரிந்தியர் நிருபத்தைச் சமூக வரலாற்றுக் கண்ணோடு வாசிக்க ஒரு முழுமையான வழிகாட்டி

திருவிருந்து ஆராதனைக்குத் தவறாமல் போகிறவர்களுக்கு 1 கொரிந்தியர் 11-ஆம் அதிகாரத்தின் 23 முதல் 26 வரையுள்ள வசனங்கள் மனப்பாடமாகவே இருக்கும். ‘இயேசு தாம் காட்டிக்கொடுக்கப்பட்ட அன்று இராத்திரியிலே’ என்று தொடங்கும்போதே சபை அமைதியாகிவிடும். அதற்கு இரண்டு வசனம் முன்னால், கொரிந்து நகரச் சபைக்கு இந்த நிருபத்தை (கடிதத்தை) எழுதிய அப்போஸ்தலன் பவுல் எழுதியிருப்பது மட்டும் பீடத்திலிருந்து அதிகம் வாசிக்கப்படுவதில்லை: ‘ஒருவன் பசியாயிருக்கிறான், ஒருவன் வெறியாயிருக்கிறான்.’ சிறுவயது முதல் திருவிருந்து வசனங்களைக் கேட்டு வளர்ந்த நானும் இந்த வரியை முப்பது வயதுக்கு மேல்தான் நின்று வாசித்தேன். யார் அந்தப் பசித்தவன்? அவன் ஏன் பசித்தான்?

இந்தக் கேள்விகளை ஓர் ஆய்வுமுறையாகவே வளர்த்தவர் ஜெர்மானிய இறையியலாளர் கெர்ட் தைசன். 1943-இல் பிறந்தவர், 1980 முதல் ஹைடல்பெர்க் பல்கலைக்கழகத்தில் புதிய ஏற்பாட்டுப் பேராசிரியராக இருந்தவர். 1974, 1975 ஆண்டுகளில் கொரிந்து சபையைப் பற்றி அவர் வெளியிட்ட சில கட்டுரைகள் பவுலின் நிருபங்களை வாசிக்கும் விதத்தையே மாற்றின. அவருடைய முறையை நாமே ஒரு பகுதியில் செய்துபார்ப்பதற்கான வழிகாட்டி இது. கிரேக்கம் தெரிந்திருக்க வேண்டியதில்லை. பழைய மொழிபெயர்ப்பு வேதாகமம் ஒன்று, திருவிவிலியம் போன்ற பிற்கால மொழிபெயர்ப்பு ஒன்று, ஒரு நோட்டுப் புத்தகம், சில மாலைப்பொழுதுகள் போதும். மேற்கோள்களைப் பழைய மொழிபெயர்ப்பிலிருந்தே தருகிறேன். அதன் சொற்கள் சில இடங்களில் வியக்கத்தக்க அளவு துல்லியமானவை.

படி 1: பகுதியைக் கையால் எழுதுங்கள்

1 கொரிந்தியர் 11:17 முதல் 34 வரை நோட்டில் எழுதுங்கள். கண் தாண்டிப் போகும் சொல்லைக் கை தாண்டாது. எழுதியபின் யார், என்ன செய்கிறார், யாருக்கு என்ன நேர்கிறது என்ற மூன்றை மட்டும் அடிக்கோடிடுங்கள்.

நான்கு சொற்களில் நில்லுங்கள். முதலாவது ‘இராப்போஜனம்’. கிரேக்க மூலத்தில் இருக்கும் ‘டெய்ப்னோன்’ மாலையில் உண்ணும் முக்கிய உணவைக் குறிக்கும். கொரிந்தில் நடந்தது உட்கார்ந்து வயிறாரச் சாப்பிட வேண்டிய ஒரு விருந்து. ஞாயிறு காலையில் ஒரு துண்டு அப்பமும் ஒரு மிடறு திராட்சரசமும் பெறும் நம் பழக்கத்தை மனதிலிருந்து விலக்காவிட்டால், பசி என்ற சொல்லே புரியாது.

இரண்டாவது, ‘தன்தன் சொந்த சாப்பாட்டை’. கர்த்தருடைய சாப்பாட்டுக்கு எதிராக, அவனவனுடைய சொந்தச் சாப்பாடு.

மூன்றாவது, ‘முந்திச் சாப்பிடுகிறான்’. மூலத்திலுள்ள வினைச்சொல்லுக்கு ‘மற்றவர்களுக்கு முன்பே எடுத்துக்கொள்வது’ என்றும், வெறுமனே ‘எடுத்து உண்பது’ என்றும் இரண்டு விதமாகப் பொருள் கொள்ள இடமுண்டு. தமிழ் மொழிபெயர்ப்பாளர்கள் முதல் பொருளைத் தேர்ந்திருக்கிறார்கள். அதே பகுதியின் 33-ஆம் வசனத்தில் வரும் ‘ஒருவருக்காக ஒருவர் காத்திருங்கள்’ என்பதற்கும் ‘ஒருவரை ஒருவர் ஏற்று உபசரியுங்கள்’ என்று இன்னொரு பொருள் சொல்கிறவர்கள் உண்டு. இரண்டையும் குறித்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

நான்காவதுதான் எனக்கு மிகவும் பிடித்தது: ‘இல்லாதவர்களை வெட்கப்படுத்துகிறீர்களா?’ கிரேக்கத்திலும் அங்கே இருப்பது ‘எதுவும் வைத்திராதவர்கள்’ என்பதுதான். நம் பேச்சில் ஏழையை ‘இல்லாதவர்’ என்று சொல்லும் வழக்கம் அப்படியே பொருந்தி நிற்கிறது. ‘வெறி’ என்பது இங்கே குடிமயக்கம். இன்றைய பொருளில் வாசித்துக் குழம்ப வேண்டாம்.

படி 2: ஊரைத் தெரிந்துகொள்ளுங்கள்

பழைய கிரேக்கக் கொரிந்தை ரோமத் தளபதி மும்மியுஸ் கி.மு. 146-இல் அழித்தான். ஏறத்தாழ நூறு ஆண்டு அது பெரும்பாலும் பாழாகக் கிடந்தது. கி.மு. 44-இல் ஜூலியஸ் சீசர் அதை ரோமக் குடியேற்ற நகரமாக மீண்டும் நிறுவினான். குடியேற வந்தவர்களில் பெரும்பாலோர் விடுதலை பெற்ற அடிமைகள் என்று புவியியலாளர் ஸ்திராபோ எழுதுகிறார். வந்தவர்கள் இடிபாடுகளைத் தோண்டியபோது பழைய கல்லறைகளில் வெண்கலப் பாத்திரங்களும் சுடுமண் கலங்களும் கிடைத்தன. அவற்றை ரோமில் விற்றுக் காசாக்கினார்கள் என்ற செய்தியும் அவரிடமே இருக்கிறது. பரம்பரைப் பெருமை இல்லாதவர்கள் உழைத்தும் விற்றும் மேலே ஏறிய ஊர் இது. மேற்கே லெக்கேயோன், கிழக்கே கெங்கிரேயா என்று இரண்டு துறைமுகங்கள். அகாயா மாகாணத்தின் தலைநகரமும் இதுவே.

கிரேக்க மண்ணில் இருந்தாலும் ஊரின் பொது முகம் லத்தீன் முகம். பேரரசன் ஹேட்ரியனுக்கு முற்பட்டவையாக அங்கே படித்தறியப்பட்ட 104 கல்வெட்டுகளில் 101 லத்தீன் மொழியில் இருந்தன. ரோம விருந்துப் பழக்கங்களைக் கொரிந்துக்குப் பொருத்திப் பார்ப்பதற்கு இதுவே நியாயம் தருகிறது. படி 5-இல் இதற்குத் திரும்புவோம்.

காலத்தை நிறுவுவதற்கும் ஒரு கல்வெட்டுத்தான் உதவியது. அப்போஸ்தலர் 18-இல் பவுல் நிறுத்தப்படும் அதிபதி கல்லியோனின் பெயர், டெல்பியில் கிடைத்த ரோமப் பேரரசன் கிளவுதியு ராயனின் கடிதக் கல்வெட்டில் இருக்கிறது. அதைக் கொண்டு பவுல் கொரிந்தில் இருந்தது கி.பி. 50, 51 வாக்கில் என்று கணிக்கிறார்கள். நிருபம் சில ஆண்டுகள் கழித்து எபேசுவிலிருந்து எழுதப்பட்டது.

படி 3: பெயர்ப் பட்டியல் போடுங்கள்

ஓர் உரையிலிருந்து சமூகச் செய்தியைப் பிரித்தெடுக்கத் தைசன் மூன்று வழிகளைச் சொல்கிறார். ஆட்களையும் குழுக்களையும் பற்றி உரை நேரடியாகச் சொல்வதைச் சேர்ப்பது முதல் வழி. பூசல்கள், விதிகள், உருவகங்கள் ஆகியவற்றின் பின்னால் இருக்கும் நிலைமையை ஊகிப்பது இரண்டாவது. அதே காலத்தின் வேறு குழுக்களோடு ஒப்பிடுவது மூன்றாவது. இந்தப் படி முதல் வழி.

1 கொரிந்தியர் 1, 16 அதிகாரங்களையும், கொரிந்திலிருந்தே எழுதப்பட்ட ரோமர் நிருபத்தின் 16-ஆம் அதிகாரத்தையும் எடுத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு பெயருக்கும் எதிரே நான்கு கட்டங்கள் போடுங்கள்: பதவி உண்டா, வீடு அல்லது வீட்டார் பற்றிய பேச்சு உண்டா, சபைக்கோ பவுலுக்கோ உதவி செய்தாரா, பயணம் செய்தாரா. இவைதான் ஒருவருடைய நிலையை அளக்கத் தைசன் கையாண்ட அளவுகோல்கள்.

கிறிஸ்பு ஜெப ஆலயத் தலைவன் (இது அப்போஸ்தலர் 18:8-இல் இருக்கிறது). காயு ‘என்னையும் சபையனைத்தையும் உபசரித்துவருகிற’வன், எனில் சபை முழுவதும் கூடுமளவுக்கு அவனிடம் இடம் இருந்திருக்கிறது. ஸ்தேவானுக்கு வீட்டார் இருக்கிறார்கள், பயணமும் உண்டு. கெங்கிரேயாவின் பெபேயாளைப் ‘அநேகருக்கும் எனக்குங்கூட ஆதரவாயிருந்தவள்’ என்று பவுல் சொல்லும்போது கையாளும் கிரேக்கச் சொல், செல்வாக்குள்ள புரவலரைக் குறிப்பது. பொர்த்துனாத்து, அகாயுக்கு, தெர்தியு, குவர்த்து ஆகியோருக்குப் பெயர் மட்டும் இருக்கிறது. தெர்தியு என்றால் மூன்றாமவன், குவர்த்து என்றால் நான்காமவன். அடிமைகளிடமும் விடுதலை பெற்றவர்களிடமும் இத்தகைய பெயர்கள் சாதாரணம். ஆனால் பெயரை மட்டும் வைத்துத் தீர்ப்பெழுதக் கூடாது.

ஏரஸ்து என்ற பெயரில்தான் ஆராய்ச்சியாளர்கள் அரை நூற்றாண்டாக மோதிக்கொள்கிறார்கள். ரோமர் 16:23 அவனைப் ‘பட்டணத்து உக்கிராணக்காரன்’ என்கிறது, அதாவது நகரின் பொருள்களையும் வரவுசெலவையும் கவனிப்பவன். 1929-இல் கொரிந்து நாடக அரங்கின் அருகே ஒரு நடைதளக் கல்வெட்டு கிடைத்தது. நகரின் சந்தைகளையும் கட்டடங்களையும் கவனிக்கும் பதவியைப் பெற்றதற்குக் கைம்மாறாக ஏரஸ்து என்பவன் தன் சொந்தச் செலவில் தளமிட்டான் என்கிறது அது. இருவரும் ஒருவரே, உக்கிராணப் பதவியிலிருந்து அவன் மேலே உயர்ந்தான் என்று தைசன் கருதினார். உக்கிராணக்காரன் நகராட்சிக்குச் சொந்தமான அடிமையாகவே இருந்திருக்கலாம் என்று மறுப்பவர்கள் உண்டு. கல்வெட்டே அடுத்த நூற்றாண்டைச் சேர்ந்தது என்று வாதிடுபவர்களும் உண்டு. நீங்கள் கட்டத்தில் கேள்விக்குறி போட்டு வைத்தால் போதும். நான் தைசனின் வேறு பல முடிவுகளை ஏற்கிறேன். இந்த ஒன்றின்மேல் பாரம் ஏற்ற மாட்டேன்.

பட்டியல் முடிந்ததும் 1 கொரிந்தியர் 1:26-ஐ வாசியுங்கள்: ‘ஞானிகள் அநேகரில்லை, வல்லவர்கள் அநேகரில்லை, பிரபுக்கள் அநேகரில்லை.’ இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜெர்மானிய அறிஞர் அடால்ஃப் டைஸ்மன், எகிப்தின் மணலில் கிடைத்த சாமானியர்களின் பாப்பிரஸ் கடிதங்களோடு ஒப்பிட்டு, புதிய ஏற்பாட்டின் கிரேக்கம் தெருவில் பேசிய மொழி என்று காட்டினார். ஆதி சபை எளியவர்களின் சபை என்றார். தைசன் அதே வசனத்தில் ‘அநேகரில்லை’ என்ற சொல்லைப் பிடித்தார். அநேகர் இல்லை என்றால் சிலர் இருந்தார்கள். எண்ணிக்கையில் சிலரான அவர்கள் வீடும் வசதியும் உடையவர்கள் என்பதால் நம் பட்டியலில் பெயரோடு நிற்கிறார்கள். பெரும்பான்மையோருக்குப் பெயரே இல்லை. பட்டியலின் அடியில் அவர்களுக்காக ஒரு வெற்று வரி விடுங்கள்.

படி 4: பூசலைத் திறந்து பாருங்கள்

பூசல் நடக்கும் இடத்தில்தான், இயல்பு என்று யாரும் சொல்லாமல் விட்ட விஷயங்கள் வெளியே வருகின்றன. ஆகவே இந்தப் படிக்கு மற்ற எல்லாவற்றையும்விட அதிக நேரம் ஒதுக்குங்கள். எழுதிவைத்த பகுதியிடம் ஒவ்வொன்றாகக் கேளுங்கள்.

உணவைக் கொண்டுவந்தது யார்? ‘சொந்த சாப்பாடு’ என்பதால் வசதியுள்ளவர்கள் தங்கள் உணவோடு வந்திருக்கிறார்கள், அல்லது தங்கள் வீட்டிலேயே பரிமாறியிருக்கிறார்கள். ‘புசிக்கிறதற்கும் குடிக்கிறதற்கும் உங்களுக்கு வீடுகள் இல்லையா?’ என்று பவுல் கேட்பது வீடு உள்ளவர்களிடம்தான்.

எப்போது தொடங்கினார்கள்? ‘முந்தி’ என்பதைக் காலமாகக் கொண்டால், அப்பத்தின்மேல் சொல்லப்படும் கர்த்தருடைய வார்த்தைகளுக்கு முன்பே தனி உணவு தொடங்கிவிட்டது. அந்த வார்த்தைகளே உணவைச் சபையின் பொதுச் சொத்தாக ஆக்குகின்றன. அதற்கு முன் உண்டது அவரவர் சொத்து. தைசனின் விளக்கம் இது. எனக்கு இதில் மிகுந்த பலம் தெரிகிறது: 23-ஆம் வசனம் ஏன் இந்த இடத்தில் திடீரென்று வருகிறது என்ற புதிருக்கு விடை கிடைக்கிறது. பவுல் உபதேசத்துக்காக அந்த இராத்திரியை நினைவூட்டவில்லை. ஒரு சாப்பாட்டுத் தகராறைத் தீர்க்கவே நினைவூட்டுகிறார்.

எல்லாருக்கும் ஒரே உணவா? அப்பமும் ரசமும் பொதுவாக இருந்து, வசதியுள்ளவர்களுக்கு மட்டும் இறைச்சியோ மீனோ கூடுதலாக இருந்திருக்கலாம் என்கிறார் தைசன். இது ஊகம். உரையில் நேரடியாக இல்லை என்று பக்கத்தில் எழுதுங்கள்.

பவுலுக்கு இதைச் சொன்னது யார்? இந்தக் கேள்வியை விட்டுவிடாதீர்கள். 7:1-இன்படி கொரிந்தியர் பவுலுக்கு ஒரு கடிதம் எழுதியிருந்தார்கள். விருந்துத் தகராறு அந்தக் கடிதத்திலிருந்து வந்ததாகத் தெரியவில்லை. ‘கேள்விப்படுகிறேன்’ என்றுதான் பவுல் சொல்கிறார். வாய்வழிச் செய்தி கொண்டுவந்தவர்களாக நிருபத்தில் பெயர் சொல்லப்படுபவர்களில் குலோவேயாளின் வீட்டார் உண்டு. அவர்கள் அவளுடைய அடிமைகளோ விடுதலை பெற்றவர்களோ என்று தைசன் கருதுகிறார். கடிதம் எழுதத் தெரிந்தவர்கள் இதைப் பிரச்சினையாகவே கருதவில்லை. மேசையின் கடைசியிலிருந்து பார்த்தவர்கள் வாய்விட்டுச் சொன்னார்கள். இதுவும் ஊகம்தான், ஆனால் பகுதியின் தொனியோடு ஒத்துப்போகிற ஊகம். இதைப் படித்த நாளில், முந்தைய படியில் வெறுமையாக விட்ட வரியில் ‘குலோவேயாளின் வீட்டார்’ என்று எழுதினேன்.

படி 5: அக்கால விருந்துகளோடு ஒப்பிடுங்கள்

ரோம எழுத்தாளர் இளைய பிளினி ஒரு கடிதத்தில் தான் போன விருந்தை விவரிக்கிறார். வீட்டுக்காரன் தனக்கும் நெருங்கிய சிலருக்கும் உயர்ந்த உணவு வைத்தான், மற்றவர்களுக்கு மலிவானது. மதுவும் மூன்று தரம்: ஒன்று முதன்மை விருந்தினருக்கு, ஒன்று தாழ்ந்த தர நண்பர்களுக்கு, ஒன்று விடுதலை பெற்ற அடிமைகளுக்கு. தான் எல்லாருக்கும் ஒரே உணவே வைப்பதாகப் பிளினி சொல்கிறார். செலவு எப்படிக் கட்டுப்படியாகிறது என்று கேட்டபோது, என் வீட்டில் அவர்கள் என் மதுவைக் குடிப்பதில்லை, நான் அவர்கள் மதுவைக் குடிக்கிறேன் என்கிறார்.

ரோமக் கவிஞர் மார்ஷியல் மேசையின் மறுபக்கத்திலிருந்து எழுதுகிறார். நீ கொழுத்த சிப்பி உண்கிறாய், நான் ஓட்டை உறிஞ்சி வாயைக் கிழித்துக்கொள்கிறேன்; ஒரே விருந்துக்குத்தானே வந்தோம் என்று புலம்புகிறார்.

இரண்டும் இத்தாலியச் சான்றுகள், பவுலுக்குச் சில பத்தாண்டுகள் பிற்பட்டவை. கொரிந்தின் ரோமத் தன்மை இந்த ஒப்பீட்டுக்கு இடம் தருகிறது, நிரூபணம் தரவில்லை. ஒப்பீட்டால் கிடைப்பது இதுதான்: காயு போன்ற ஒருவன் தரம்பிரித்துப் பரிமாறியிருந்தால் ஊர்க்கண்ணில் அது குற்றமாகத் தெரிந்திருக்காது. ஒழுங்கான விருந்து அப்படித்தான் நடந்தது. பவுல் அந்த ஒழுங்கையே சபைக்கு அவமதிப்பு என்கிறார்.

தமிழ் வாசகருக்கு இங்கே தனியாக ஒரு எச்சரிக்கை. நமக்கு உடனே சாதி நினைவுக்கு வரும். 1910 வரை வடக்கன்குளம் தேவாலயத்தின் உள்ளேயே சாதிச் சுவர் நின்ற நாடு நம்முடையது. நினைவு வருவது நியாயம். ஆயினும் கொரிந்தில் பிரித்தது சொத்து, அடிமைநிலை, புரவலர் உறவு. இரண்டையும் ஒன்றாக்கினால் இரண்டுமே மங்கிப்போகும். ஒப்பிட வேண்டுமானால் வேறொரு நோட்டில் ஒப்பிடுங்கள்.

படி 6: இடத்தை அளந்து பாருங்கள், ஆனால் நம்பிவிடாதீர்கள்

எருசலேமில் பணியாற்றிய புதிய ஏற்பாட்டு அறிஞர் மர்ஃபி ஓ'கானர், கொரிந்தில் அகழப்பட்ட அனபிளோகா வீட்டை எடுத்துக்காட்டினார். உணவறை 5.5 மீட்டருக்கு 7.5 மீட்டர், சாய்ந்து உண்ணும் இருக்கைகளில் ஒன்பது பேருக்கே இடம். மற்றவர்கள் முற்றத்தில் நெருக்கியடித்து இருந்திருப்பார்கள். காட்சி கண்முன் வந்துவிடுகிறது, பிரச்சினையும் அதுவே. அந்த வீட்டின் காலமும் அறையின் பயன்பாடும் உறுதியானவை அல்ல என்று 2004-இல் ஆய்வாளர் டேவிட் ஹொரல் சுட்டிக்காட்டினார். கடைகளின் மேல்மாடி போன்ற எளிய இடங்களையும் எண்ணிப்பார்க்கச் சொன்னார். அப்போஸ்தலர் 20-இல், துரோவாவில் பவுல் பேசிக்கொண்டிருந்தபோது ஐத்திகு என்ற வாலிபன் மூன்றாம் மாடி ஜன்னலிலிருந்து விழுந்ததை நினைத்தால் அதுவும் நடக்கக்கூடியதே.

படி 7: எதிர்வாதத்தை உங்கள் முடிவின்மேல் வைத்துப் பாருங்கள்

1998-இல் ஆய்வாளர் ஜஸ்டின் மெகிட் தைசனின் அடித்தளத்தையே அசைத்தார். வீடு, பயணம், உதவி ஆகிய எதுவும் செல்வத்துக்குச் சான்றல்ல. பவுலின் சபைகளில் ஏறக்குறைய எல்லாருமே வாழ்வதற்கே போராடியவர்கள் என்றார். 2004-இல் இன்னோர் ஆய்வாளர் ஸ்டீவன் ஃப்ரீசன், ரோமப் பேரரசின் பெருநகரங்களுக்கு ஏழு நிலைகள் கொண்ட வறுமை அளவுகோலை முன்வைத்தார். அவர் மதிப்பீட்டில் சுமார் 68 சதவீதத்தினர் பிழைப்புக்கு வேண்டிய மட்டத்திலோ அதற்குக் கீழோ இருந்தார்கள். ஓரளவு உபரி உள்ளவர்கள் 7 சதவீதம். மேட்டுக்குடி 3 சதவீதத்துக்கும் குறைவு.

இதைப் படித்துவிட்டு மறுபடியும் படி 3-க்குப் போய் ஒவ்வொரு பெயரையும் திருத்துங்கள். நான் திருத்தியபோது ‘செல்வந்தர்’ என்று எழுதியிருந்த இடங்களில் ‘உபரி உள்ளவர்’ என்று மாற்றினேன். காயு மாளிகைக்காரனாக இருக்கத் தேவையில்லை. நாளைய உணவு உறுதியாக உள்ளவனுக்கும் இன்றைய உணவே உறுதியில்லாதவனுக்கும் உள்ள தூரம் 11:21-ஐ விளக்கப் போதுமானது. பசித்தவனின் பக்கத்திலிருந்து பார்த்தால் அதுவே பெருந்தூரம்.

படி 8: பவுலையும் கேள்வி கேளுங்கள்

‘ஒருவனுக்குப் பசியிருந்தால் வீட்டிலே சாப்பிடக்கடவன்’ என்று பவுல் முடிக்கிறார். வீட்டில் சாப்பாடு இல்லாதவன் என்ன செய்வான்? உள்ளவர்கள் வீட்டில் விரும்பியதை உண்ணலாம், சபையில் மட்டும் சமமாக இருக்க வேண்டும் என்ற சமரசமாகத் தைசன் இதைப் பார்த்தார். ஏற்றத்தாழ்வை ஏற்றுக்கொண்டு, மேலிருப்பவர் அன்பாலும் பொறுப்பாலும் அதை மென்மையாக்கும் இந்த முறைக்கு அன்புசார்ந்த தந்தைவழி ஆட்சி என்ற பொருள்தரும் பெயரைக் கொடுத்தார். சபை நிலைத்து வளர இதுவே உதவியது என்பது அவர் கருத்து. எனக்கு மனம் முழுவதும் ஒப்பவில்லை. ‘காத்திருங்கள்’ என்பதற்கு ‘ஏற்று உபசரியுங்கள்’ என்ற பொருள் சரியென்றால், பவுல் கேட்பது சமரசத்தைவிட மிகுதி: உள்ளவன் தன் உணவை இல்லாதவன் முன் வைக்க வேண்டும். படி 1-இல் குறித்துவைத்த இரண்டு பொருளும் இங்கேதான் வேலை செய்கின்றன. எந்தப் பொருளை எடுக்கிறீர்கள், ஏன் என்று ஒரு பக்கம் எழுதுங்கள்.

அடுத்த பயிற்சி

இதே எட்டுப் படிகளையும் 1 கொரிந்தியர் 8 முதல் 10 வரையுள்ள அதிகாரங்களில், விக்கிரகங்களுக்குப் படைத்த இறைச்சித் தகராறில் செய்துபாருங்கள். ஏழைகள் இறைச்சியைப் பெரும்பாலும் கோயில் விழாக்களிலும் பொது விருந்துகளிலும்தான் கண்டார்கள், எனவே அவர்களுக்கு இறைச்சியின் மணமே தெய்வ வழிபாட்டோடு ஒட்டியிருந்தது; வசதியுள்ளவர்களுக்கோ அது அன்றாட உணவு என்பது தைசனின் வாதம். மலிவான உணவுக்கடைகளில் ஏழைகளும் இறைச்சி உண்டார்கள் என்பது மெகிட்டின் மறுப்பு. 10:25-இல் ‘கடையில் விற்கப்படுகிற எதையும்’ என்றும், 10:27-இல் அவிசுவாசி ஒருவன் விருந்துக்கு அழைத்தால் என்றும் பவுல் சொல்வதை வைத்து, கடைக்குப் போகக் காசு யாரிடம் இருந்தது, விருந்துக்கு அழைப்பு யாருக்கு வரும் என்று தொடங்குங்கள்.

அது முடிந்தபின் யாக்கோபு 2-ஆம் அதிகாரத்தின் முதல் நான்கு வசனங்கள். பொன்மோதிரம் அணிந்தவன் ஒருவன், கந்தை உடுத்தவன் ஒருவன், இருவரும் ஒரே வாசல் வழியாக உள்ளே வருகிறார்கள். யாரை எங்கே உட்காரச் சொன்னார்கள் என்று நோட்டில் வரைந்து பாருங்கள்.